காட்டும் உபகாரமும் காணும் உபகாரமும்: இணைய நூற்சாலைகளும் திருச்செங்கோட்டுப் பதிகங்களும்

கண் ஒரு பொருளைக் காண்டற்கு ஒளி வேண்டும். ஒளியொன்றே அமையுமோ எனின், அமையாது. ஒளியும் கண்ணும் கூடியவிடத்தும், உயிர் கண்ணோடு உடனின்று காணாதாயின் காட்சி நிகழ்வதில்லை. உயிர் கண்ணுக்குக் காட்டித் தானும் உடன் காணுமாறு போல, இறைவன் உயிர்க்கு அறிவித்துத் தானும் உடனின்று அறிவன் என்பது சிவஞானபோதத்துப் பதினோராஞ் சூத்திரத்தாற் பெறப்படும் உண்மை. இவ்விரண்டனையும் காட்டும் உபகாரம், காணும் உபகாரம் என வகுத்துரைப்பது சித்தாந்த மரபு. காட்டுதல் மட்டும் நிகழ்ந்து உடன்காணுதல் நிகழாதவழி அறிவு விளங்காது என்பது அவ்வகுப்பின் கருத்தாகும்.

அரிய நூல்களையும் இசைப்பதிவுகளையும் கட்டணமின்றி வழங்கும் நூற்சாலைகள் இணையத்திற் பெருகியுள்ள இக்காலத்தே, அவற்றாற் சைவ நூலாராய்ச்சிக்கு விளையும் பயன் எத்துணைத்து என ஆராய்வார்க்கு இவ்வேறுபாடு ஒருபுடை ஒப்புமையாற் பெரிதும் துணை செய்யும். பொதுவகையாற் புகழ்தலும் இகழ்தலும் எளியவாதலின், ஓரிடத்தை எடுத்துக்கொண்டு ஆராய்தலே தக்கது. சேலம் நாமக்கல் வெளியில் தேவாரப் பதிகம் பெற்ற ஒரே தலமாகிய திருச்செங்கோடு அதற்கு ஏற்ற இடமாகும்.

நூற்சாலைகளின் பரப்பு

1998ஆம் ஆண்டுப் பொங்கல் நாளில் தொடங்கப்பெற்ற மதுரைத் திட்டம், பல நாடுகளில் வாழும் தமிழன்பர் ஊதியங் கருதாது நூல்களைத் தட்டெழுதி ஒப்புநோக்கி அளிக்கும் அறப்பணி. 2005இல் தோன்றிய நூலகம் என்னும் தளம் ஈழத்து நூல்களையும் இதழ்களையும் காத்து வருகின்றது. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம் 2017இல் திறக்கப்பெற்றது. அமெரிக்க நாட்டில் 1996இல் நிறுவப்பெற்ற இணைய ஆவணச்சாலையிலும் பழைய தமிழ்ப் பதிப்புகள் பல உள்ளன. கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியார் வாழ்நாளெல்லாம் திரட்டிய தொகுதி, 1994 முதல் சென்னையில் ஆராய்ச்சி நூலகமாக நிலைபெற்றுள்ளது. புதுச்சேரியிற் சேர்த்து வைக்கப்பெற்ற சைவச் சுவடிகள், ஏறத்தாழப் பதினோராயிரம், 2005இல் ஐக்கிய நாடுகளின் கல்வி அறிவியல் பண்பாட்டு நிறுவனத்தால் உலக நினைவுப் பதிவேட்டில் இடம் பெற்றன. ஆங்குள்ள பிரெஞ்சு ஆராய்ச்சி நிறுவனத்தார் 2007இல் தேவார முழுவதையும் மொழிபெயர்ப்போடும் சொல்லடைவோடும் இணையத்தில் அளித்தனர்.

இவையெல்லாம் பெருங்கொடைகள் என்பதில் ஐயமில்லை. முன்னாளில் ஆறுமுக நாவலர் பதிப்பொன்றைக் காண விரும்பிய இராசிபுரத்து மாணவன் சென்னைக்கோ யாழ்ப்பாணத்துக்கோ செல்லுதல் வேண்டும். சென்றும் நூலுடையார் மனமிரங்குதல் வேண்டும். இன்று அவன் இருந்தவிடத்திலிருந்தே அத்தகைய பதிப்புகளின் ஏடுகளைப் புரட்டலாம். நூலாசிரியர் மறைந்து அறுபது ஆண்டு கழியின் நூலும், வெளிவந்து அறுபது ஆண்டு கழியின் ஒலிப்பதிவும் பொதுவுடைமையாம் என்னும் இந்தியச் சட்டவிதியும் இக்கொடைக்கு இடந்தருகின்றது.

எனினும் இச்சாலைகள் தருவன ஒரு தன்மையன அல்ல. ஏட்டையும் அச்சையும் உள்ளவாறு காட்டும் நிழற்படம் ஒன்று, அவற்றினின்று தட்டெழுதப்பெற்ற எழுத்து ஒன்று, ஒலிப்பதிவு ஒன்று. இம்மூன்றும் மூவகைச் சான்றுகள். இவற்றை ஒன்றாகக் கருதி மயங்குவதே இணைய ஆராய்ச்சியிற் காணப்படும் முதற்குற்றம் என்க.

பெயரும் தேடலும்

திருஞானசம்பந்தர் காலத்தே இத்தலம் கொடிமாடச்செங்குன்றூர் என வழங்கிற்று. அருணகிரிநாதர்க்கு அது செங்கோடு. நாககிரி, நாகாசலம் என்பனவும் இதன் பெயர்கள். கணினி தன்பால் இட்ட எழுத்தையன்றிப் பொருளை அறியாது. திருச்செங்கோடு என இட்டுத் தேடுவார்க்குப் பதிகம் தோன்றாது போகலாம். செங்குன்றூர் என இட்டாற் பதிகத்தோடு நம்மாழ்வார் பாடிய மலைநாட்டுத் திருச்செங்குன்றூரும் கலந்து வரும். செங்குன்றம் என இட்டாலோ சென்னைக்கு வடக்கேயுள்ள ஊர் முன்வந்து நிற்கும். எது எதுவென வேறு பிரித்துணர்தல் தலவரலாறு கற்றார்க்கே இயலும்.

இதனினும் நுண்ணியது கொல்லிமலை அறப்பளீசுரர் கோயில் பற்றியது. அது தனிப்பதிகம் பெறாத வைப்புத்தலம். சம்பந்தர் திருவாக்கில் அறப்பள்ளி எனவும், திருநாவுக்கரசர் தாண்டகத்தில் அறைப்பள்ளி எனவும் அதன் பெயர் காணப்படும். அம்பலவாணக் கவிராயர் இயற்றிய அறப்பளீசுர சதகம் முன்னைய வடிவைத் தழுவிற்று. அறம் என்பது வேறு. பாறையை உணர்த்தும் அறை என்பது வேறு. மலைமேலுள்ள அத்தலத்திற்கு எது பழம்பெயர் என்பது ஆராயத்தக்க வினா. தட்டெழுதுவார் ஒருவர் இரண்டனையும் ஒன்றாக்கித் திருத்துவதாகக் கருதி ஓர் ஐகாரத்தை நீக்கிவிடுவாராயின், அவ்வினா எழுதற்கே இடமின்றிப் போம். மற்றும், தாண்டகத்திற் பெயர் முன்சொல்லோடு புணர்ந்து நிற்றலின், சொல்லைத் தனியாக இட்டுத் தேடுவார்க்கு அது அகப்படாமலும் போகலாம். சந்தி பிரித்துக் கற்கும் பழம்பயிற்சி இவ்விடத்திற் கணினிக்கும் வேண்டப்படுகின்றது.

1978ஆம் ஆண்டின் எழுத்துச் சீர்திருத்தத்திற்கு முற்பட்ட அச்சுநூல்களில் ணை, லை, னை முதலிய எழுத்துகள் வேறு வடிவின. புது வடிவிற் பழகிய எழுத்துணரி அவற்றைப் பிறழ உணர்தல் எளிது. ஆதலின் தட்டெழுத்தாலும் எழுத்துணரியாலும் பெற்ற பாடத்தைக் கொண்டு பாடபேதம் பேசுதல் தகாது. நிழற்படத்தோடு ஒப்புநோக்கிய பின்னரே பேசுதல் வேண்டும்.

ஏழாஞ் செய்யுள்

இனித் தலையாய செய்தி ஒன்றுண்டு. கொடிமாடச்செங்குன்றூரோடு தொடர்புற்ற பதிகங்கள் இரண்டு, முதல் திருமுறையில் 107ஆவதும் 116ஆவதும் ஆகும். இரண்டும் வியாழக்குறிஞ்சிப் பண்ணின. பின்னது திருநீலகண்டப் பதிகம். பிள்ளையாரோடு வந்த அடியார்களைப் பனிநோய் பற்றியபொழுது அது நீங்குமாறு அருளிச்செய்யப்பெற்றது எனப் பெரியபுராணம் கூறும்.

இத் திருநீலகண்டப் பதிகத்தில் ஏழாஞ் செய்யுள் இல்லை. சம்பந்தர் பதிகங்களிற் பெரும்பான்மையும் எட்டாஞ் செய்யுள் இராவணனை அடர்த்து அருளியதனையும், ஒன்பதாவது அயனும் மாலும் தேடியதனையும், பத்தாவது புறச்சமயத்தாரையும் கூறி, பதினொன்றாவது திருக்கடைக்காப்பாய் முடியும். இம்முறை வைத்து நோக்கியே, இப்பதிகத்தில் அரக்கனைக் கூறுஞ் செய்யுளுக்கு முன்னர் ஒன்று மறைந்தது என அறிந்து, பதிப்பாசிரியர் அவ்விடத்தை வெற்றிடமாக விட்டனர். வெற்றிடத்தை வெற்றிடமாகக் காட்டுதலும் ஒரு பதிப்புத் தொண்டேயாம்.

இன்று இப்பதிகம் இணையத்தில் எண்ணற்ற இடங்களிற் கிடைக்கின்றது. எங்குத் தேடினும் பத்துச் செய்யுளே. நூறு படிகள் ஒரு தாய்ப்படியினின்று தோன்றுமாயின், அவை நூறு சான்று ஆகா. ஒரு சான்றே நூறு முறை ஒலித்ததாகும். படிகளின் தொகை பெருகப் பெருக, நூல் நிறைந்ததென்னும் மயக்கமே பெருகுகின்றது. ஒரு தளத்தார் செய்யுட்கு ஒன்று முதற் பத்தீறாகத் தொடர்ந்து எண்ணிட்டு விடுவாராயின், இழப்பின் அடையாளமும் அழியும். அவ்வாறு நிகழாது காக்க வல்லது கணினியன்று. பதிகத்தின் யாப்புறவு அறிந்த ஒருவருடைய கண்ணே.

தி. வே. கோபாலையர் பதிப்பித்து 1984, 1985ஆம் ஆண்டுகளிற் புதுச்சேரியில் வெளிவந்த தேவாரப் பதிப்பும், வ. சு. செங்கல்வராய பிள்ளை தொகுத்த தேவார ஒளிநெறியும் இத்தகைய கண்ணாலாயின. பின்னது கணினி இல்லாக் காலத்தே ஒருவர் கையாற் செய்த பொருளடைவு. கணினி சொல்லைத் தேடித் தரும். ஒளிநெறியோ பொருளைத் தேடி வகைப்படுத்தித் தந்தது.

தடையும் விடையும்

அற்றேல், மறைந்தது மறைந்தேயொழிக. திருமுறைகண்ட புராணத்தில், செல்லரித்தன போக எஞ்சியன இக்காலத்திற்கு வேண்டுவன என இறைவன் திருவாக்கு எழுந்ததன்றோ? வினைப்படி நிகழ்ந்ததனை மீட்க முயலுதல் வீண் அன்றோ எனின், அற்றன்று. அத்திருவாக்கு தில்லையிற் பூட்டியிருந்த அறையைத் திறந்து, புற்றை நீக்கி, ஏடுகளை எடுத்த பின்னர் எழுந்தது. முயன்றார்க்கு அது ஆறுதலாயிற்று. முயலாதார்க்கு அதனைக் கேட்கும் உரிமையில்லை. இன்னும் எஞ்சிய ஏடுகளைச் செல்லுக்கு விடுதற்கு அதனைத் துணையாகக் கொள்ளுதல் புராணத்தின் கருத்தன்று.

மேலும், திருநீலகண்டப் பதிகத்தின் உட்கிடையே இத்தடைக்கு விடையாகும். நோயை வினையின் பயனெனக் கூறிக்கொண்டு, அதனின்று உய்யும் வழியை நாடாதிருத்தல் குறைபாடு என்பதே அப்பதிகம் தொடக்கத்தில் உணர்த்தும் பொருள். வினைக்கொள்கையை மடிமைக்குப் போர்வையாக்குதலை மறுத்த பதிகத்தின் ஒரு செய்யுள் மறைந்தமைக்கே வினையைக் காரணங்காட்டி வாளா இருப்பது எவ்வாற்றானும் பொருந்தாது.

மறைந்தது மீளாதென்பதும் முடிந்த முடிபன்று. திருவிடைவாய்த் தலத்துச் சம்பந்தர் பதிகம் ஏட்டுச்சுவடிகளிற் காணப்படாதது. 20ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் அக்கோயிற் கல்வெட்டிலிருந்து கிடைத்தது. கல்லில் ஒரு பதிகம் காத்திருக்குமாயின், கொங்குநாட்டு வீடொன்றின் பரண்மேற் கட்டிவைத்த ஏட்டில் ஒரு செய்யுள் காத்திருத்தல் கூடாதோ? ஆதலின் இணையச் சாலைகளை மதிப்பிடுங்கால், எத்தனை படிகள் உள்ளன என்று வினவாது, இதுவரை அச்சேறாத ஏடு எத்துணை உள்ளது, அது எவ்வூரிலிருந்து வந்தது என்று வினவுதல் வேண்டும். இவ்வினாவிற்கு விடைதருஞ் சாலையே ஆராய்ச்சிக்குப் பயன்படும் சாலை.

பண்ணும் ஒலிப்பதிவும்

இசைக்கண் இவ்வேறுபாடு இன்னும் தெளிவாகும். திருமுறைகண்ட புராணம் இருவேறு மீட்புகளைக் கூறுகின்றது. ஏடு தில்லை அறையினின்று கிடைத்தது. பண்ணோ ஏட்டிலிருந்து கிடைத்திலது. திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் வந்த ஒரு மாதரார் வாயினின்று கிடைத்தது. எழுத்து அறையிற் பூட்டியிருந்தும் பிழைக்கும்; பண் பாடுவாரின்றிப் பிழையாது என்பதே இவ்வரலாற்றின் நுண்பொருள்.

ஒலியையே பதிந்து வைக்கும் கருவி வந்தபின் இந்நிலை மாறிற்றன்றோ எனின், ஒருபாற் கூற்றளவில் மாறிற்று. இந்திய இசைத்தட்டுச் சேகரிப்போர் சங்கத்தார், பிரித்தானிய நூலகத்தின் அருகிவரும் ஆவணத் திட்டத்தின் துணையால், யங் இந்தியா, ஒடியன் என்னும் பெயர்களில் வெளிவந்த பழைய இசைத்தட்டுகளைக் கணினிப்படுத்தினர். ஒடியன் தட்டுகள் சென்னைச் சரசுவதி ஸ்டோர்ஸ் வாயிலாக 1930களில் தமிழ்நாடெங்கும் பரவியவை. நாமக்கல் வெளிக்கு மேற்கே காவிரியின் மறுகரையிலுள்ள கொடுமுடியிற் பிறந்த கே. பி. சுந்தராம்பாளின் குரலும் பழைய தட்டுகள் வழியே இன்றளவும் கேட்கப்படுகின்றது.

ஆயினும் அக்காலத் தட்டின் ஒரு பக்கம் மூன்று நிமிடத்தின் சற்று மிகுதியாகவே ஓடும். பதினொரு செய்யுட் பதிகம் அதில் அடங்காது, ஒன்றிரண்டே பாடப்பெறும். தட்டின் அளவிற்கு இசை குறுக்கப்பட்டது. அன்றியும் தட்டிற் பாடியவர் பலர் நாடக மேடையினின்று வந்தவர். அவர் பாடிய விருத்தம் மேடையிசைக்குச் சிறந்த சான்று. கோயிலில் ஓதும் மரபிற்குச் சான்றென உடனே கொள்ளற்பாலதன்று. பதிவு பழமையானது என்பதனாலேயே மரபும் பழமையானது என முடிவு செய்தல் பிழையாம்.

வியாழக்குறிஞ்சியை இக்காலத்து ஓதுவார் சௌராட்டிர இராகத்திற் பாடுவர். இவ்விணைப்பு எக்காலத்து எவரால் நிலைபெற்றது, பழைய பண்ணின் எக்கூறு அதன்கண் எஞ்சியுள்ளது என்பன இசையறிஞர் ஆராயுமிடம். தருமபுரம் ப. சுவாமிநாதன் முதலிய ஓதுவார் பாடிய திருமுறைப் பதிவுகள் இணையத்திற் கேட்கக் கிடைத்தல் அவ்வாராய்ச்சிக்குப் பெருந்துணை. ஆனால் ஒருவர் குரலே எங்கும் கேட்கப்பட்டு, அதுவே அளவுகோலாகி, ஏனைய ஊர்களின் ஓதுமுறைகள் கேட்பாரற்று மறையுமாயின், அப்பெருந்துணையே ஒரு தீங்கிற்கும் வாயிலாம். தாய்ப்படி ஒன்றே நூறாகப் பெருகிய எழுத்தின் நிலைமை இசைக்கும் வருதல் ஆகாது.

இந்நிலத்தார் செய்த தொண்டு

காட்டுதலும் காணுதலும் ஒருங்கு நிகழ்ந்தமைக்கு இந்நிலத்துப் பெயரோடு இயைந்த சான்று ஒன்றுண்டு. 1880ஆம் ஆண்டு அக்டோபர் 21ஆம் நாள், கும்பகோணத்தில் முன்சீபாக இருந்த சேலம் இராமசுவாமி முதலியார், கல்லூரித் தமிழாசிரியராகிய உ. வே. சாமிநாதையரைக் கண்டு, அவர் கற்ற நூல்கள் யாவை என வினவினார். அந்தாதி, கலம்பகம், புராணம் என அவர் அடுக்கியவற்றை முதலியார் போதியனவாகக் கொள்ளவில்லை. சிந்தாமணி முதலிய பழநூல்களைப் பயின்றதுண்டோ எனக் கேட்டுப் பின்னர்ச் சிந்தாமணிக் கைப்படியையும் அளித்தார். அது காட்டும் உபகாரம். படி கைவந்தும் நூற்பொருள் விளங்கவில்லை. கும்பகோணத்துச் சமண அறிஞரை அணுகி, அவர் சமயக்கருத்துகளை வினவியறிந்த பின்னரே ஐயர்க்கு அந்நூல் திறந்தது. அது காணும் உபகாரம். இரண்டும் கூடியதன் பயனாக 1887இற் சீவக சிந்தாமணி அச்சேறிற்று. படியை மட்டும் பெற்று அமைந்திருப்பாராயின், அந்நூல் மற்றொரு பெட்டிக்கு மாறியதன்றி வேறு பயன் விளைந்திராது.

திருச்செங்கோட்டிலேயே வாழ்ந்த தி. அ. முத்துசாமிக் கோனார் கார்மேகக் கவிஞரின் கொங்குமண்டல சதகத்தை உரையோடு 1923இல் வெளியிட்டார். அந்நூல் இன்று இணையத்திற் கிடைக்கின்றது. அதன் சிறப்பு கிடைத்தலில் இல்லை. செய்யுள் சுட்டும் ஊரையும் குடியையும் கல்வெட்டையும் நேரிற் சென்று அறிந்த ஒருவர் உரை எழுதினமையில் உள்ளது. ஊரறிந்தார் உரையின்றி அச்சதகம் பெயர்களின் நிரலாய் நின்றிருக்கும்.

செயற்பாலன

இணையச் சாலைகளின் நிலைபேற்றையும் மறவாது எண்ணுதல் வேண்டும். 2023 அக்டோபரில் இலண்டன் பிரித்தானிய நூலகத்தின் கணினிகள் தீயோரால் தாக்கப்பெற்று, அதன் இணையச் சேவைகள் பல திங்கள் முடங்கின. 2024 அக்டோபரில் இணைய ஆவணச்சாலையும் தாக்குண்டு சின்னாட்கள் அடைபட்டிருந்தது. ஏட்டிற்குச் செல் இருந்தவாறே கணினிக்கும் செல் உண்டு. ஓரிடத்து மட்டும் வைத்தது காக்கப்பட்டதாகாது.

ஆதலின் சேலம், இராசிபுரம், நாமக்கல், திருச்செங்கோடு முதலிய ஊர்களிலுள்ள சைவ அன்பர் செய்யத்தக்க பணி தெளிவாகவே உள்ளது. முன்னரே பல்லிடத்துக் கிடைக்கும் அச்சுநூலை மீண்டும் ஏற்றுதலில் உழைப்பைச் செலவிடாது, வீடுகளிலும் மடங்களிலும் எஞ்சிய ஏடுகளை, உடையார் இசைவோடு, முதல் ஏடு முதல் ஈற்றேடு வரை ஒன்றும் விடாது நிழற்படமாக்குதல் வேண்டும். ஏடு கிடைத்த ஊர், எழுதினார் பெயர் ஏட்டில் இருப்பின் அது, சிதைந்த இடம் ஆகியவற்றைக் குறித்தல் வேண்டும். கோயில்களில் ஓதும் முதியோரின் பாடலை, முழுப்பதிகமாக, அவர் எவரிடம் பயின்றார் என்னும் குறிப்போடு பதிதல் வேண்டும். பதிந்தவற்றை இரண்டு மூன்று சாலைகளில் வைத்தல் வேண்டும். இவற்றோடு, அவற்றைப் படித்தறிய வல்ல இளைஞர் சிலரை ஏட்டெழுத்துப் பயிற்சியிலும் பண்முறையிலும் ஆசிரியர்பால் அமர்த்துதல் வேண்டும். இவ்விறுதிப் பணி இல்லையேல் முன்னையவெல்லாம் இருட்டறையில் ஏற்றிய விளக்கன்று. குருடர்முன் ஏற்றிய விளக்காய் முடியும்.

விடியுங்காறும் இருளிடை உதவும் விளக்கினை உயிர்க்கு மாயை தந்த கருவிகளுக்கு உவமையாகக் கூறுவர் சித்தாந்த நூலார். விளக்கை இகழ்தல் அறியாமை. விளக்கையே ஞாயிறெனக் கொள்ளுதல் அதனினும் பெரிய அறியாமை. இணைய நூற்சாலை அத்தகைய விளக்கு. அதனைக் கையிற்கொண்டு தேடுவார் உளராயின், திருநீலகண்டப் பதிகத்தின் ஏழாமிடம் என்றேனும் நிரம்புதல் கூடும். நிரம்பாதாயினும், அவ்விடம் வெறுமையென அறிந்து ஓதுவார் உள்ளளவும் அப்பதிகம் முழுதும் இழக்கப்பட்டதாகாது. காட்டியும் கண்டும் உபகரிக்கும் செங்குன்றூர் அம்மையப்பர் திருவருள் அத்தேடலுக்குத் துணை நிற்பதாக.